பாட்டி சொன்ன தாது வருஷம்

வணக்கம். நான் கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவன். இப்போது தருமபுரி, கிருஷ்ணகிரி பக்கம் பழைய கல் எங்கே கிடக்கிறது என்று சொன்னால் வண்டியை எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுவேன்.

சின்ன வயதில் என் பாட்டி அடிக்கடி சொல்லும்: "தாது வருஷத்துல ராகிக்கூழுக்கே வழியில்லடா." நான் உடனே கணக்குப் போட்டு 1936 என்று வைத்துக்கொண்டேன். தப்பு. தன் மாமியார் சொல்லிக் கேட்டதைத்தான் பாட்டி சொல்லியிருக்கிறது. அது 1876-ல் தொடங்கிய பஞ்சம், அப்போது நாமெல்லாம் சேலம் ஜில்லா. 1996-ம் தாதுதான், அந்த வருஷம் என் தங்கை மகளுக்குக் கல்யாணம். அறுபது வருஷப் பெயரில் இதுதான் தொல்லை, செக்கு மாடு மாதிரி சுற்றிச் சுற்றி அதே இடத்துக்கு வந்து நிற்கும், எத்தனையாவது சுற்று என்று மாட்டுக்கும் தெரியாது.

இந்தச் சுற்றை நேர்கோடாக இழுத்து வைத்த ஒரு மனிதரைப் பற்றித்தான் இன்றைக்குப் பேச்சு. எல்.டி. சுவாமிக்கண்ணுப் பிள்ளை, 1865-ல் பிறந்தவர். அரசு வேலையில் இருந்தவர், 1925-ல் காலமானபோது சென்னை சட்டசபையின் தலைவர். கத்தோலிக்கர் வேறு! அவர் உட்கார்ந்து கி.பி. 700 முதல் 1799 வரை பஞ்சாங்கம் கணித்தார். ஒவ்வொரு நாளுக்கும் என்ன கிழமை, என்ன திதி, என்ன நட்சத்திரம். 1,100 வருஷம் என்றால் நாலு லட்சம் நாளுக்கு மேல். கம்ப்யூட்டர் கிடையாது, கால்குலேட்டர் கிடையாது. 1922-ல் அரசாங்க அச்சகத்தில் தொகுதி தொகுதியாக வந்தது. திதி எப்போது முடிகிறது என்பதை நாழிகையில் எழுதாமல் தசமத்தில் எழுதினார் பாருங்கள், அதுதான் எனக்கு ரொம்பப் பிடித்தது. .50 என்று இருந்தால் சூரிய உதயத்திலிருந்து அரை நாள், அதாவது 30 நாழிகை. கூட்டிக் கழிக்க எவ்வளவு சுளுவு!

சரி, இதை வைத்து என்ன செய்வது? ஒரு கல்வெட்டில் வருஷத்தின் பெயர் மட்டும் இருக்கிறது என்று வையுங்கள். அந்த 1,100 வருஷத்தில் அந்தப் பெயர் பதினெட்டு தடவையாவது வந்திருக்கும். கூடவே மாதம் தேதி, கிழமை, திதி மூன்றும் இருந்துவிட்டால், பிள்ளையின் தொகுதிகளைப் புரட்டினால் பதினெட்டில் பெரும்பாலும் ஒன்றுதான் தேறும். மற்றதில் கிழமை உதைக்கும், கிழமை ஒத்துவந்தால் திதி உதைக்கும்.

நானும் ஒரு தடவை நன்றாக உதை வாங்கினேன். "சகாப்தம் 1310 மேல் செல்லாநின்ற" என்கிற மாதிரி வாசகம் கல்வெட்டுகளில் வரும். சகாப்தம் என்பது கி.பி. 78-லிருந்து எண்ணுகிற சக ஆண்டுக் கணக்கு. மேல் என்கிறானே, அப்போது 1311 என்று நானே ஒன்று கூட்டி, அதோடு 78-ஐச் சேர்த்து 1389 என்று எழுதி வைத்துவிட்டு, கிழமை ஏன் ஒட்டவில்லை என்று ஒரு வாரம் தலையைப் பிய்த்துக்கொண்டேன். 1310 முடிந்து ஓடுகிற வருஷம் என்றால் 1310-உடன் 78-ஐக் கூட்டினாலே போதும், 1388. வருஷத்தின் பெயரைப் பார்த்திருந்தாலே தெரிந்திருக்கும், 1388 விபவ, 1389 சுக்கில. கல்லில் "விபவ" என்று கொட்டை எழுத்தில் வெட்டியிருக்கிறான், நான் பார்க்கவில்லை. முப்பது வருஷம் பையன்களைக் கேள்வியை முழுசாகப் படி என்று திட்டியவன் நான்.

ஆனால் நம் பக்கத்து நடுகற்களில் பழையவை பலவும் பிள்ளையின் கணக்குக்குள் அகப்படாது. மாடு பிடிக்க வந்தவர்களோடு சண்டை போட்டுச் செத்தவனுக்கு நட்ட கல், வட்டெழுத்து என்கிற பழைய தமிழ் எழுத்தில் "கோவிசைய" என்று தொடங்கி அரசன் பெயரும், அவன் பட்டத்துக்கு வந்து எத்தனையாவது ஆண்டு என்பதும் இருக்கும். கிழமையும் இல்லை, திதியும் இல்லை. அங்கே எழுத்தின் வடிவத்தையும் அரசனையும் வைத்துத்தான் காலம் சொல்ல வேண்டும், அதுவும் ஏறக்குறைய.

போன மாசம் கிருஷ்ணகிரி பக்கம் ஒரு ராகிக் காட்டு ஓரத்தில் அப்படி ஒரு கல்லைப் பார்த்தேன். புளியமரத்தடி, கல்லில் மஞ்சளும் எண்ணெயும் ஏறி எழுத்தே மறைந்துவிட்டது. கையில் வில், இடுப்பில் குறுவாள், நெஞ்சில் இரண்டு அம்பு. ஊரில் வேடியப்பன் என்று கும்பிடுகிறார்கள். ஈரத்துணியால் துடைத்து, சுண்ணாம்புப் பொடி தூவி எழுத்தைக் கூட்டிக்கொண்டிருந்தேன், ஒரு அம்மா பக்கத்திலேயே நின்று பார்த்தார்.

"எந்தக் காலத்துக் கல்லுங்க சார்?"

"ஆயிரம் வருஷத்துக்கு மேல இருக்கும்மா."

"சாமி செத்தது என்ன கெழமை?"

அது மட்டும் இதில் எழுதவில்லையே அம்மா என்றேன்.

"எழுதலன்னா என்ன, செவ்வாக்கெழமதான். அன்னைக்குத்தான நாங்க பொங்க வைக்கிறோம்" என்று சொல்லிவிட்டு, நான் துடைத்த இடத்தில் மறுபடியும் மஞ்சளைப் பூச ஆரம்பித்தார்.