கப்பல்காரன் கையில விமானம்

(கிருஷ்ணகிரில ஒரு வாசகர் கூட்டத்துல பேசினது. பேசின மாதிரியே டைப் பண்ணிருக்கேன், அங்கங்க கொஞ்சம் வெட்டிட்டேன்.)

எல்லாருக்கும் வணக்கம்ங்க. பின்னாடி கேக்குதுங்களா? ஃபேன் சத்தத்துல கேக்கலன்னா கைய தூக்குங்க.

கடற்படையோட விமானப் பிரிவு பத்தி பேசறேன்னு சொன்னதும் வாசல்லயே ஒரு அண்ணன் கேட்டார், கே.ஆர்.பி. டேம விட்டா நமக்கு பெரிய தண்ணியே கிடையாது, இங்க வந்து எதுக்கு சார் இதுன்னு. நியாயமான கேள்விதான். ஆனா நேவியோட ரொம்ப முக்கியமான விமான தளம் ஒண்ணு அரக்கோணத்துல இருக்கு, அங்க மட்டும் கடலா இருக்கு? நாம சாமல்பட்டிலயோ மொரப்பூர்லயோ ரயிலேறி சென்னை போறப்ப தாண்டுவோமே, அதே அரக்கோணம்தான். நான் கடற்படைக்காரன் இல்லைங்க, ஸ்கூல்ல பிசிக்ஸ் எடுத்து ரிட்டயர் ஆனவன். இந்த விஷயத்துல ஒரு கிறுக்கு, அவ்வளவுதான். என்கிட்ட படிச்ச பசங்க சிலபேர் நேவில இருக்காங்க, அவங்கள நச்சரிச்சு கேட்டதும் இதுல கொஞ்சம் இருக்கு.

நான் சொல்ல வர்றது ஒரே விஷயம்தான். ஏர்ஃபோர்ஸ்னு ஒண்ணு இருக்கறப்ப நேவிக்கு எதுக்கு தனியா விமானம்? அந்த விமானம் யாருக்கு சொந்தம்? இந்த சண்டைதான் இந்தப் பிரிவோட வரலாறே, எல்லா நாட்டுலயும்.

இங்கிலாந்துல இருந்து ஆரம்பிக்கறேன், ஏன்னா நம்ம நேவிக்கு தாய்வீடு அதுதான். முதல் உலகப்போர் சமயத்துல அவங்க நேவிக்கு சொந்தமா விமானப்படை இருந்துச்சு. 1918 ஏப்ரல் 1ஆம் தேதி அதையும் ராணுவத்தோட விமானப்படையையும் ஒண்ணா சேத்து ராயல் ஏர்ஃபோர்ஸ்னு ஆக்கிட்டாங்க. பேப்பர்ல பாத்தா நல்ல ஐடியா, ரெண்டு செலவு ஒரு செலவாச்சு. ஆனா அதுக்கப்பறம் கிட்டத்தட்ட 20 வருஷம் கப்பல் நேவியோடது, அது மேல நிக்கற விமானம் ஏர்ஃபோர்ஸோடது. இது வாடகை டிராக்டர் கதைங்க. நல்ல மழை பேஞ்ச மறுநாள் டிராக்டர்காரர் நம்ம காட்டுக்கா வருவாரு, அவரு காட்டதான் மொதல்ல ஓட்டுவாரு. ஏர்ஃபோர்ஸ்காரங்களுக்கு பெரிய குண்டுவீச்சு விமானம்தான் கனவு, கப்பல்ல இறங்கற விமானம் கடைசி வரிசைல நின்னுச்சு. 1937ல தான் நேவிக்கே திருப்பித் தர்றதுன்னு முடிவாச்சு, 1939 மே மாசம் கைக்கு வந்துச்சு, செப்டம்பர்ல போர் ஆரம்பிச்சிருச்சு. அதனாலதான் எதிர்ல ஜெர்மனி புது மாடல் விமானத்தோட நிக்கறப்ப பிரிட்டிஷ் நேவி ரெண்டடுக்கு ரெக்க வச்ச, துணி போத்தின ஸ்வோர்ட்ஃபிஷ் விமானத்தோட போச்சு. அத வச்சே 1940 நவம்பர்ல டாரன்டோ துறைமுகத்துல இத்தாலி போர்க்கப்பல்கள அடிச்சாங்கங்கறது வேற விஷயம், அது ஓட்டினவங்க தைரியம், அதுக்காக ஏற்பாடு சரின்னு ஆகிடாது.

இப்ப நம்ம கதை. 1953 மே 11, கொச்சில ஐஎன்எஸ் கருடா. நேவியோட முதல் விமான தளம். அப்ப இருந்தது சீலேண்ட்னு ஒரு சின்ன விமானம், தண்ணிலயும் இறங்கும் தரையிலயும் இறங்கும், சண்டைக்கெல்லாம் ஆகாது. பீரங்கிப் பயிற்சிக்கு கப்பல்களுக்கு உதவறதுதான் வேலை. 1957ல பிரிட்டன்கிட்ட பாதி கட்டி நிறுத்தி வச்சிருந்த ஹெர்குலிஸ்ங்கற விமானம் தாங்கிக் கப்பல வாங்கினோம், போர் முடிஞ்சிட்டதால அவங்களுக்கு வேண்டாம்னு கிடந்தது. பெல்ஃபாஸ்ட்ல டைட்டானிக் கட்டின அதே கம்பெனில வேலைய முடிச்சு 1961 மார்ச் 4ஆம் தேதி ஐஎன்எஸ் விக்ராந்த்னு நம்ம கொடி ஏறுச்சு. அந்த மே மாசம் 18ஆம் தேதி அதுல முதல்முதலா இறங்கின இந்திய பைலட் லெப்டினன்ட் தஹிலியானி. பின்னாடி 1984ல இவரேதான் கடற்படைத் தளபதி ஆனார்.

இங்க ஒரு நிமிஷம் நிக்கறேன், கப்பல்ல விமானம் எப்படி இறங்குதுன்னு தெரியாம இந்த விஷயம் புரியாது. இப்ப இருக்கற புது விக்ராந்தயே எடுத்துக்கங்க. கப்பலோட மொத்த நீளமே 262 மீட்டர்தான், அதுல இறங்கறதுக்கு கிடைக்கற இடம் இன்னும் கம்மி. ஃபைட்டர் விமானம் மணிக்கு 240 கிலோமீட்டர் கிட்ட வேகத்துல வந்து ரெண்டரை செகண்ட்ல நிக்கணும். வாலுக்கு கீழ ஒரு கொக்கி தொங்கும், டெக்குல குறுக்க இரும்புக் கம்பி வடம் போட்டிருக்கும், கொக்கி அதுல மாட்டணும். இதுல எனக்கு ரொம்ப பிடிச்ச விஷயம், சக்கரம் தரைய தொட்ட உடனே பைலட் பிரேக் போடமாட்டாரு, இன்ஜின முழு வேகத்துக்கு தள்ளுவாரு. ஏன்னா கொக்கி மாட்டலன்னா அப்படியே மறுபடி மேல ஏறணும், யோசிச்சுட்டு நின்னா கடல்தான். இதுல கப்பலும் ஓடிட்டிருக்கு, ஆடிட்டிருக்கு. அதனால அந்த விமானம் வெளியில இருந்து வந்த விருந்தாளியா இருக்க முடியாது, கேப்டன் கப்பல எந்தப் பக்கம் திருப்பறாருங்கறதுலயே பைலட் உசிரு இருக்கு.

1971 பாகிஸ்தான் போர்ல இது நல்லா தெரிஞ்சுச்சு. போருக்கு முந்தின வருஷமே விக்ராந்தோட பாய்லர்ல விரிசல். 25 நாட் (மணிக்கு கிட்டத்தட்ட 46 கிலோமீட்டர்) வேகத்துக்கு கட்டின கப்பல், 14 நாட்டுக்கு மேல போகக்கூடாதுன்னு கட்டுப்பாடு. விமானம் கிளம்பறதுக்கு எதிர்காத்து வேணும், கப்பல் வேகமா ஓடினா அந்தக் காத்து கிடைக்கும், கப்பலே மெதுவா போனா? வங்காள விரிகுடால டிசம்பர்ல காத்தும் பெருசா இருக்காது. அவ்வளவு சிக்கல்லயும் டிசம்பர் 4ஆம் தேதி சீ ஹாக் ஜெட் விமானங்கள் கிளம்பி காக்ஸ் பஜாரையும் சிட்டகாங்கையும் அடிச்சுச்சு. அலிஸேன்னு ஒரு ஃபிரெஞ்ச் விமானம், காத்தாடி இன்ஜின், மூணு பேர் உக்காருவாங்க, அதுவும் அடிக்கப் போச்சு. கிழக்கு பாகிஸ்தானுக்கு கடல் வழி அடைபட்டதுல விக்ராந்துக்கு பெரிய பங்கு. அந்தக் கப்பலத் தேடி வந்த பாகிஸ்தானோட காஸி நீர்மூழ்கி விசாகப்பட்டினம் பக்கத்துல மூழ்கினது உங்களுக்கே தெரியும், அத பத்தி பேச ஆரம்பிச்சா டீ ஆறிடும்.

ஆனா கவனிங்க, அப்பவும் நமக்கு வாடகை டிராக்டர் ஒண்ணு இருந்துச்சு. தரையில இருந்து கிளம்பி ரொம்ப தூரம் கடல் மேல சுத்தி நோட்டம் பாக்கற பெரிய விமானம் இருக்கே, அது ஏர்ஃபோர்ஸ்கிட்ட. ஏர் இந்தியா பயணிகள ஏத்திட்டுப்போய் பழசான சூப்பர் கான்ஸ்டலேஷன் விமானங்கள். 1976ல தான் இந்த வேலை நேவிக்குன்னு முடிவாகி அந்தப் பழைய விமானங்களயும் சேத்து கொடுத்தாங்க. அடுத்த வருஷமே சோவியத்துல இருந்து ஐஎல்-38 வந்துச்சு, 1988ல டியூ-142. நாலு இன்ஜின், ஒவ்வொண்ணுலயும் எதிரெதிரா சுத்தற ஒரு ஜோடி விசிறி, பிரம்மாண்டம். என்னைக் கேட்டா நம்ம கடற்படை விமானப் பிரிவு முழுசா ஆனது 1961ல இல்ல, 1976லதான். விக்ராந்த் போட்டோல அழகா இருக்கும், ஆனா தினமும் கடல பாத்துட்டு இருக்கறது இந்தப் பெரிய விமானங்கதான்.

அரக்கோணம் கதை இங்கதான் வருது. ரெண்டாம் உலகப்போர் காலத்து ஓடுதளம் ஒண்ணு அங்க கிடந்துச்சு, அத பெருசாக்கி 1992 மார்ச் 11ஆம் தேதி ஐஎன்எஸ் ராஜாளின்னு குடியரசுத் தலைவர் ஆர். வெங்கட்ராமன் தொடங்கி வச்சாரு. கோவால இருந்த டியூ-142 எல்லாம் இங்க வந்துச்சு. 2017 மார்ச்ல அதுக்கு ஓய்வு, ஒண்ண விசாகப்பட்டினம் கடற்கரை ரோட்டுல மியூசியமா வச்சிருக்காங்க, உள்ளயே போய் பாக்கலாம். இப்ப அரக்கோணத்துல பி-8ஐ. அது போயிங் 737 குடும்பம்தான், நாம பெங்களூர் ஏர்போர்ட்ல ஏறுவோமே அதே ஜாதி. ஆனா உள்ள கடலுக்கு அடியில இருக்கற நீர்மூழ்கியோட சத்தத்த கேக்கற கருவி, சோனோபாய்னு மிதவைகள கடல்ல போட்டுட்டு அது அனுப்பறத கேப்பாங்க, டார்பிடோவும் இருக்கும். முதல் விமானம் 2013 மே மாசம் வந்துச்சு, மொத்தம் 12 வாங்கிருக்கோம். 2015 டிசம்பர் வெள்ளத்துல சென்னை ஏர்போர்ட் மூழ்கினப்ப பயணிகள் விமானம் இந்த ராஜாளில இருந்துதான் ஓடுச்சு.

நிர்வாகம் எப்படின்னு சுருக்கமா சொல்லிடறேன், இது கொஞ்சம் போரடிக்கும். டெல்லி தலைமையகத்துல விமானத்துக்குன்னு ஒரு உதவித் தளபதி, கோவால பயிற்சி, பாதுகாப்பு விதிமுறையெல்லாம் பாக்கற கொடி அதிகாரி, அதாவது அட்மிரல் ரேங்க்ல ஒருத்தர். தினசரி பறக்க உத்தரவு போடறது மும்பை, விசாகப்பட்டினம், கொச்சி மாதிரி அந்தந்த கமாண்டு. ஸ்குவாட்ரன் நம்பர் 300ல ஆரம்பிச்சா சண்டை வேலை, 500ல ஆரம்பிச்சா பெரும்பாலும் பயிற்சி. தரையில இருக்கற தளத்தயும் கப்பலாத்தான் கணக்கு வைப்பாங்க, அதான் எல்லாத்துக்கும் ஐஎன்எஸ், இந்தியன் நேவல் ஷிப். ஐஎன்எஸ் ஹன்சா 1961ல நம்ம சூலூர்லதான் ஆரம்பிச்சுச்சு, கோவா விடுதலைக்கப்பறம் டபோலிமுக்கு போயிடுச்சு. ராமநாதபுரம் உச்சிப்புளில பருந்துன்னு இன்னொரு தளம் இருக்கு, அங்க இருந்து பாக் நீரிணைய பாக்கறாங்க.

ஆளுங்கள பத்தி சொல்லணும். பைலட்ட எல்லாருக்கும் தெரியும், அப்சர்வர்னு ஒருத்தர் இருக்காரு, அவர யாருக்கும் தெரியாது. ராடார் பாக்கறது, நீர்மூழ்கிய தேடறது, எங்க போகணும்னு முடிவு பண்றது எல்லாம் அவர். அப்பறம் டெக்னீஷியன். கடல் காத்து உப்பு எந்த உலோகத்தையும் விடாது, அதனால நல்ல தண்ணில விமானத்த கழுவறதே ஒரு பெரிய வேலை, என் ஸ்டூடண்ட் ஒருத்தன் சார் நான் சேந்ததே கழுவறதுக்குத்தான்னு சிரிப்பான். பொண்ணுங்க கேக்கறாங்க, 2019ல ஷிவாங்கி நேவில கடல நோட்டம் பாக்கற டோர்னியர் விமானத்துக்கு பைலட் ஆனாங்க, அந்த வழி திறந்துதான் இருக்கு.

இப்ப விக்ரமாதித்யா, கொச்சிலயே கட்டி 2022 செப்டம்பர்ல நேவில சேந்த புது விக்ராந்த், ரெண்டு விமானம் தாங்கிக் கப்பல். மேல மிக்-29கே ஃபைட்டர். தேஜஸோட நேவி மாடல், நம்ம ஓசூர் தாண்டினா வர்ற பெங்களூர்ல உருவானது, 2020 ஜனவரில விக்ரமாதித்யால இறங்கி காட்டுச்சு. ஆனா ஒத்த இன்ஜின், சுமக்கற பாரம் பத்தலன்னு நேவி வேற பெரிய விமானம் கேக்குது, அதுவரைக்கும் ஃபிரான்ஸ்கிட்ட இருந்து 26 ரஃபேல் எம், 2025 ஏப்ரல்ல கையெழுத்தாச்சு. தேஜஸ் நேவி வீண்னு சிலர் சொல்றாங்க, நான் ஒத்துக்க மாட்டேன். கப்பல்ல இறங்கற விமானத்த சொந்தமா டிசைன் பண்ண உலகத்துல விரல் விட்டு எண்ணற நாடுங்களுக்குத்தான் தெரியும், அந்தப் பாடத்த அதுலதான் படிச்சோம்.

மூணாவது கப்பல் வேணுமான்னு தம்பி சீட்டு எழுதி அனுப்பிருக்காரு. ஒரு கப்பல் ரிப்பேருக்கு டாக்ல போனா மாசக்கணக்கா ஆகும், அந்த நேரம் மேற்குக்கு ஒண்ணு கிழக்குக்கு ஒண்ணுன்னு நிறுத்த முடியாது, அதுதான் நேவி சொல்ற காரணம். செலவு அதிகம், அந்தக் காசுக்கு நீர்மூழ்கி வாங்கலாம்ங்கறது எதிர்வாதம். என் ஓட்டு மூணாவது கப்பலுக்கு, ஆனா கப்பல மட்டும் கட்டிட்டு விமானத்துக்கு அப்பறம் அலையாம ரெண்டையும் ஒண்ணா ஆர்டர் பண்ணணும். வேற யாராவது கேக்கறீங்களா?