பால் பத்தவில்லையா, குழந்தை அழுகிறதா? – நேயர் கேள்விக்கு விளக்கம்

வணக்கம். இன்றைக்கு ஒரே ஒரு கேள்வியைத்தான் எடுத்திருக்கிறேன். இதே சந்தேகத்தை நிறையப் பேர் கேட்டிருக்கிறார்கள், ஆனால் இந்த அம்மா விவரத்தை முழுதாக எழுதியிருக்கிறார். படிக்கிறேன்.

"டாக்டர், எனக்குப் பெண் குழந்தை பிறந்து 52 நாள் ஆகிறது. சுகப்பிரசவம். பிறந்த எடை 2.7 கிலோ. 45-ஆம் நாள் ஊசிக்குப் போனபோது 3.9 கிலோ இருந்தாள். அதுவரை தாய்ப்பால் மட்டும்தான். இப்போது கொஞ்ச நாளாகச் சாயங்காலம் 6 மணிக்கு ஆரம்பித்தால் ராத்திரி 10 வரை விடாமல் பால் கேட்கிறாள், அழுகிறாள். மார்பும் முன்பு மாதிரி கட்டுவதில்லை, தளர்வாகவே இருக்கிறது. பம்ப் வைத்தால் 20 மில்லிதான் வருகிறது. பால் பத்தவில்லை, பவுடர் பால் கொடு என்று அத்தை சொன்னார்கள். மூன்று நாளாக ராத்திரி 60 மில்லி கொடுக்கிறோம், நன்றாகத் தூங்குகிறாள். தொடரலாமா? வெயிலுக்குத் தண்ணீர் கொடுக்கலாமா? நான் ஜவுளிக்கடையில் வேலை பார்க்கிறேன், நாலாவது மாதமே வரச் சொல்கிறார்கள். அப்போது என்ன செய்வது?"

சரி அம்மா. மற்றதெல்லாம் இருக்கட்டும், முதலில் எடைக்கு வருவோம். பிறந்த குழந்தை முதல் சில நாட்களில் எடை குறையும், பத்தில் ஒரு பங்கு வரைகூடக் குறையலாம். இரண்டு வாரத்துக்குள் பழைய எடைக்குத் திரும்பிவிடும். அதன் பிறகு மூன்று மாதம் வரை நாளுக்கு 20 முதல் 30 கிராம் ஏறினால் போதும். உங்கள் மகளுக்கு அந்த ஆரம்பச் சரிவைக்கூடக் கழிக்காமல், பிறந்த நாளிலிருந்தே கணக்குப் போட்டாலும் நாளுக்கு 26 கிராமுக்கு மேல் வருகிறது. பவுடர் ஆரம்பித்தது இந்த மூன்று நாளாகத்தான். அப்படியென்றால் அந்த 1.2 கிலோவும் உங்கள் பாலில் ஏறியது. உங்களுக்குப் பால் இருக்கிறது. உங்கள் தாய் சேய் நல அட்டையில் வளர்ச்சிக் கோடு போடுகிற பக்கம் இருக்கும். கிராம சுகாதார செவிலியரிடம் சொல்லி இந்த இரண்டு எடையையும் அதில் புள்ளி வைக்கச் சொல்லுங்கள். அத்தைக்கும் காட்டுங்கள்.

எடை போடாத நாட்களில் சிறுநீரைப் பாருங்கள். முதல் வாரம் முடிந்த குழந்தை 24 மணி நேரத்தில் ஆறு தடவைக்குக் குறையாமல் போக வேண்டும், நிறம் வெளிறி இருக்க வேண்டும். டயப்பர் கட்டிவிட்டால் எத்தனை தடவை என்றே தெரியாது. ஒரு நாள் முழுக்க வேட்டித் துணி கட்டி எண்ணிப் பாருங்கள். மலத்தை வைத்துப் பயப்பட வேண்டாம். தாய்ப்பால் மட்டும் குடிக்கிற குழந்தை இந்த வயதில் நாலைந்து நாளைக்கு ஒரு முறை போனாலும், இளக்கமாக இருந்தால் சரிதான்.

இப்போது அந்தச் சாயங்கால அழுகை. குழந்தைகள் பொதுவாக அதிகமாக அழுவதே ஆறு வாரத்தை ஒட்டித்தான், அதுவும் மாலை நேரத்தில். பவுடர் பால் குடிக்கிற குழந்தையும் அந்த வயதில் அழும். கூடவே இந்தச் சமயத்தில் வேகமாக வளர்வதால் அடிக்கடி மார்பைத் தேடும், அரை மணிக்கு ஒரு தரம் கேட்கும். அந்த நாலு மணி நேரம் தாய்க்குச் சோர்வுதான், மறுக்கவில்லை. அந்த நேரத்தில் அடுப்படி உங்கள் பொறுப்பாக இருக்கக் கூடாது. இதை உங்கள் கணவர் கேட்க வேண்டும் என்றுதான் சத்தமாகச் சொல்கிறேன்.

மார்பு கட்டாமல் தளர்ந்திருப்பதும் இதே வயதில்தான் நடக்கும். முதல் சில வாரம் உடம்புக்கு அளவு தெரியாமல் அதிகமாகச் சுரந்து கட்டிக்கொள்ளும். ஆறு வாரம் வாக்கில் குழந்தை குடிக்கிற அளவுக்குச் சுரப்பு பழகிவிடும். பம்பை வைத்தும் பாலை அளக்க முடியாது. குழந்தை வாய் வைத்தால் பால் இறங்குகிற மாதிரி இயந்திரத்துக்கு இறங்காது. "பத்தவில்லையோ" என்ற பயத்தோடு உட்கார்ந்து பிழிந்தால் இன்னும் குறைவாகத்தான் வரும். பால் கொடுத்து முடித்த கையோடு பம்ப் வைத்து 20 மில்லி வந்திருந்தால் அது நல்ல அளவே.

அடுத்து பவுடர் பால். இங்கேதான் கொஞ்சம் நிதானமாகக் கேளுங்கள். இறைக்கிற கிணறுதான் ஊறும். மார்பில் பால் வெளியேறாமல் தேங்கினால், தேங்கிய பாலே "இனி சுரக்க வேண்டாம்" என்று சொல்லிவிடும், சுரப்பு குறையும். ராத்திரி 10 மணிக்கு 60 மில்லி பவுடர் பால் கொடுக்கிறீர்கள். அது ஜீரணமாக நேரம் எடுக்கும், குழந்தை நாலைந்து மணி நேரம் தூங்குகிறது. பால் சுரக்க வைக்கிற ஹார்மோன் ராத்திரியில்தான் அதிகமாக இருக்கும், அந்த நேரம் பார்த்து மார்பு சும்மா கிடக்கிறது. கொஞ்ச நாளில் நிஜமாகவே பால் குறையும். அப்போது 60 போய் 90 ஆகும், ஒரு வேளை போய் மூன்று வேளை ஆகும். "நான் அன்றைக்கே சொன்னேனே" என்று வீட்டில் சொல்வார்கள். முதலில் இல்லாத குறையைப் பவுடரே கொண்டுவந்துவிட்டது என்று யாருக்கும் தோன்றாது.

அத்தையை நான் குறை சொல்லவில்லை. பேத்தி அழுவதைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க முடியாமல்தான் சொல்கிறார்கள். பால்பொடி டப்பாவில் கொழுகொழு குழந்தைப் படம் போட்டு விற்ற காலம் ஒன்று இருந்தது. 1992-இல் சட்டம் வந்து, 2003-இல் அதைத் திருத்தி, 2 வயது வரைக்குமான பால்பொடிக்கும் பாட்டிலுக்கும் விளம்பரமே செய்யக் கூடாது என்று தடுத்தார்கள். நீங்கள் வாங்கிய டப்பாவைத் திருப்பிப் பாருங்கள், தாய்ப்பாலே சிறந்தது என்று அதிலேயே அச்சடித்திருப்பார்கள்.

உங்களுக்கு மூன்று நாள்தான் ஆகிறது, அதனால் இன்றைக்கே நிறுத்திவிடலாம். வாரக்கணக்கில் கொடுத்துப் பழகியவர்கள் இப்படிச் சட்டென்று நிறுத்தக் கூடாது, மருத்துவரிடம் காட்டி எடை பார்த்துக்கொண்டே குறைக்க வேண்டும். ராத்திரி ஒருக்களித்துப் படுத்தபடியே கொடுங்கள். கொடுக்கும்போது வாயைக் கவனியுங்கள். காம்பை மட்டும் கவ்வினால் பால் வராது, உங்களுக்கு வலிதான் மிஞ்சும். வாய் அகலமாகத் திறந்திருக்க வேண்டும், கீழ் உதடு வெளிப்பக்கம் மடங்கியிருக்க வேண்டும், தாடை மார்பைத் தொட வேண்டும். காம்பைச் சுற்றியுள்ள கருவட்டம் மேல்பக்கம் கொஞ்சம் தெரியலாம், கீழ்ப்பக்கம் தெரியக் கூடாது. சரியாகக் கவ்வினால் கன்னம் குழி விழாது, விழுங்குகிற சத்தம் கேட்கும். ஒரு பக்கம் முழுதாகக் குடித்து அதுவாக விட்ட பிறகு மறுபக்கம் மாற்றுங்கள்.

பூண்டு, பால் சுறா, கருவாடு எல்லாம் சாப்பிட்டால் பால் ஊறுமா என்று அடுத்து கேட்பீர்கள். தாராளமாகச் சாப்பிடுங்கள், நல்ல சாப்பாடுதான். ஆனால் பாலை ஊற வைப்பது குழந்தை குடிப்பதுதான். எனக்குப் பிடிக்காதது பத்தியம் என்ற பெயரில் பிள்ளை பெற்றவளுக்கு ரசமும் சோறும் மட்டும் கொடுப்பது. வழக்கத்தைவிட ஒரு வேளைச் சாப்பாடு கூடுதலாக வேண்டிய நேரம் இது.

தண்ணீர் வேண்டாம். சித்திரை வெயிலானாலும் வேண்டாம். தாய்ப்பாலில் 100-க்கு 88 பங்கு தண்ணீர்தான். தாகம் எடுத்தால் குழந்தை அடிக்கடி குடிக்கும், தண்ணீர் நீங்கள் குடியுங்கள். தேன், கிரைப் வாட்டர், உரை மருந்து எதுவும் ஆறு மாதம் முடியும் வரை வேண்டாம். தேன் ஒரு வயது வரைக்குமே கூடாது. டாக்டர் எழுதிக் கொடுத்த வைட்டமின் டி சொட்டு மருந்து மட்டும் தினமும் போகட்டும். ஆறு மாதம் முடிந்ததும் கூழ், பருப்புச் சாதம் என்று ஆரம்பித்து, தாய்ப்பாலையும் 2 வயது வரைக்கும் அதற்கு மேலும் தொடரலாம்.

வேலை விஷயத்துக்கு வருகிறேன். 10 பேரோ அதற்கு மேலோ வேலை பார்க்கிற கடை என்றால், முதல் இரண்டு பிரசவத்துக்குச் சம்பளத்தோடு 26 வாரம் விடுப்பு உண்டு. பிரசவத்துக்கு முந்தைய 12 மாதத்தில் 80 நாள் வேலை பார்த்திருக்க வேண்டும், அவ்வளவுதான். சம்பளத்தில் இ.எஸ்.ஐ., அதாவது தொழிலாளர் அரசுக் காப்பீட்டுக்குப் பணம் பிடித்தார்கள் என்றால் அந்தப் பணம் இ.எஸ்.ஐ.யிலிருந்தே வரும், முதலாளிக்குச் செலவே இல்லை. இதைக் கடையில் சொல்லுங்கள், நிறையப் பேருக்குத் தெரிவதில்லை. வேலைக்குத் திரும்பிய பிறகும், குழந்தைக்கு 15 மாதம் ஆகும் வரை, வழக்கமான ஓய்வு நேரம் போக நாளுக்கு இரண்டு தடவை பால் கொடுக்க இடைவேளை தர வேண்டும் என்று சட்டம் இருக்கிறது. வீடு பக்கத்தில் இருந்தால் யாராவது குழந்தையைத் தூக்கி வரலாம். இல்லையென்றால் அந்த இடைவேளையில் பாலைப் பிழிந்து வையுங்கள், மார்பும் கட்டாது.

பிழிவதற்குப் பம்ப் கட்டாயமில்லை. கையைச் சோப்புப் போட்டுக் கழுவி, கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் கருவட்டத்தின் ஓரத்தில் வைத்து, நெஞ்சுப் பக்கமாக அழுத்தி, அப்புறம் பிழிய வேண்டும். காம்பை இழுக்கக் கூடாது. கொதிக்க வைத்த எவர்சில்வர் பாத்திரத்தில் பிடித்து மூடி வையுங்கள். வெளியே வைத்தால் நாலு மணி நேரம் தாங்கும் என்பார்கள், அது 25 டிகிரிக்கு. நம் ஊர் வெயிலுக்கு உடனே ஃபிரிட்ஜில் வைப்பதுதான் நல்லது. கதவில் வைக்காமல் உள்ளே தள்ளி வைத்தால் நாலு நாள் இருக்கும். ஆடை தனியாக மிதக்கும், கெட்டுப்போனதாக நினைத்துக் கொட்டிவிடாதீர்கள், லேசாக ஆட்டினால் கலந்துவிடும். கொடுக்கும்போது அடுப்பில் வைக்காமல், வெந்நீர்ப் பாத்திரத்துக்குள் வைத்து இளஞ்சூடாக்கி, பாட்டில் இல்லாமல் பாலாடையில், அதாவது சங்கு மாதிரி மூக்கு வைத்த சின்னக் கிண்ணத்தில் கொடுக்கட்டும். இந்த வேலையை அத்தையிடமே கொடுங்கள், அவர்கள் காலத்தில் சங்கில் புகட்டிய கை அது.

எல்லா வீட்டிலும் பால் பத்தும் என்று நான் சொல்ல வரவில்லை. இரண்டு வாரம் ஆகியும் பிறந்த எடைக்கு வராத குழந்தை, சிறுநீர் குறைந்து அடர் மஞ்சளாகப் போகிற குழந்தை, பால் கேட்கவே எழாமல் துவண்டு கிடக்கிற குழந்தை, இவர்களை வீட்டில் வைத்துப் பார்த்துக்கொண்டிருக்கக் கூடாது, அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக வேண்டும். அப்போது டாக்டர் பவுடர் பால் சொன்னால் தயங்காமல் கொடுங்கள். அதில் குற்ற உணர்ச்சிக்கு இடமே இல்லை.

உங்கள் மகளுக்கு அடுத்தது இரண்டரை மாத ஊசி. அன்றைக்குத் துணி இல்லாமல் எடை போடச் சொல்லுங்கள். நாலரை கிலோவை ஒட்டியோ அதற்கு மேலோ இருந்தால் இப்படியே போகலாம். அதைவிட நன்றாகக் குறைந்திருந்தால் அங்கேயே டாக்டரிடம் காட்டிவிட்டு எனக்கும் எழுதுங்கள்.