வீரன் தேரையாகும் அந்த ஒரு நொடி: 1921 ஜப்பானிய சினிமா தந்திரம்

[திரையில்: கறுப்பு வெள்ளைப் படத்துண்டு. வீரன் விரல்களைக் கோத்து நிற்கிறான். புகை. அங்கே இப்போது ஆளுயரத் தேரை.]

நிக்கட்சு நிறுவனம் 1921-ல எடுத்த 'கோகெட்சு ஜிராயா' இது. இயக்கம் மகினோ ஷோசோ. தேரையா உருமாறுற மந்திர வீரன் ஜிராயாவா வர்றவர் ஒனோஏ மட்சுனோசுகே. முழுப்படம் கிடையாது, சுமார் 20 நிமிஷம்தான் மிஞ்சியிருக்கு.

நரி, பூனை, தனுகி (நாய் இனத்துக் காட்டு விலங்கு), தேரைன்னு உருமாறுற கதையெல்லாம் ஜப்பானோட பழைய நாடகமான கபுகி மேடையில முன்னாடியே உண்டு. அங்கே மேலாடையைத் தளர்வா நூலோட்டி வெச்சிருப்பாங்க. பின்னாடி இருக்கிற உதவியாள் நூலை உருவுவார், ஆடை கழண்டு விழும், உள்ளே வேற கோலம். பேரு ஹிகினுகி. சினிமாவுல நூலுக்குப் பதில் கத்திரி.

[திரையில்: கைப்பிடி சுழலும் கேமரா]

கைப்பிடியை ஒரு சுற்று சுத்தினா 8 பிரேம். செகண்டுக்கு ரெண்டு சுற்று, 16 பிரேம். நடிகர் முத்திரை பிடிச்சதும் சுத்துறதை நிறுத்தணும். மத்தவங்க அத்தனை பேரும் சிலையா நிக்கணும். நடிகர் விலகுவார், தேரை உடுப்புக்காரர் அதே இடத்துல வந்து நிப்பார், புகை போடுவாங்க, மறுபடி சுத்துவாங்க.

இங்கதான் சொதப்பும். நிறுத்தும்போதும் தொடங்கும்போதும் கை மெதுவாகும். வெளிச்சத்தைத் திறந்து மூடுற ஷட்டர் கைப்பிடியோட இணைஞ்சிருக்கறதால அந்த பிரேம்கள்ல வெளிச்சம் கூடுதலா விழும், திரையில பளிச்சுனு வெள்ளை அடிக்கும். ரெண்டு பக்கமும் அதை வெட்டி எறிஞ்சு, மருந்துப் பூச்சைச் சுரண்டி, பிலிம் சிமென்ட் தடவி ஒட்டணும்.

அப்புறம் வெயில். சூரியன் மணிக்கு 15 டிகிரி நகரும். அதே நடிகரே 20 நிமிஷம் எடுத்து உடுப்பு மாத்தினா 5 டிகிரி போயிடும், தரையில நிழல் தாவும். அதனால தேரை உடுப்புல இன்னொருத்தர் தயாரா இருந்தாத்தான் சரி. கேமரா நிக்கிற முக்காலியில யாராவது கால் இடிச்சா மொத்தப் பின்னணியும் குதிக்கும், புகை போட்டாலும் அது மறையாது.

எனக்குப் பிடிச்சது வேற. கபுகியில உச்சகட்டத்துல நடிகர் கண்ணை உருட்டி அப்படியே உறைவார், அது மியே. மட்சுனோசுகேக்கு 'முட்டைக்கண் மட்சு'ன்னு பட்டப்பேரே அதனாலதான். வெட்டுறதுக்கு இதைவிட நல்ல இடம் எது? அவர் உறையறது நடிப்பாவே தெரியுது, கேமராவுக்காக நின்ன மாதிரியே இல்லை.

[திரையில்: 1933 கார்ட்டூன், நரி சாமுராய் வேஷத்தில்]

12 வருஷம் கழிச்சு ஓய்ஷி இகுவோ வரைஞ்ச நரி, சாமுராயா மாறி தனுகிகள் குடியிருக்கிற பாழடைஞ்ச கோயிலுக்குள்ள நுழையுது. எல்லாம் கோட்டுச் சித்திரம். நிழல் தாவாது, முக்காலியும் இடிபடாது.