இரண்டாம் முறையும் போனவர்கள்

அவையோருக்கு வணக்கம்.

பிரிட்டிஷ் அரசு 1856-இல் விக்டோரியா சிலுவை என்ற விருதை ஏற்படுத்தியது. போர்க்களத் துணிச்சலுக்கு அந்த நாட்டில் அதைவிட உயர்ந்த விருது கிடையாது. இதுவரை 1,350 பேருக்கு மேல் பெற்றிருக்கிறார்கள். இரண்டு முறை பெற்றவர்கள் எத்தனை பேர்? மூன்றே பேர். உலகம் முழுவதும் போய்ச் சண்டை போட்ட பேரரசில் மூன்றே பேர்! அந்த மூவரில் இருவர் மருத்துவர்கள். எந்த எதிரியையும் கொன்றதற்காக அவர்களுக்கு அந்தப் பதக்கம் கிடைக்கவில்லை. யானையை வீழ்த்தியவனையும் மார்பில் வேல் ஏற்றவனையும் பாடிப் பழகிய நாம் இதைச் சற்று நிதானமாகக் கேட்க வேண்டும்.

முதல் முறை ஒருவன் துணிவதற்கு ஆவேசம் போதும். பக்கத்தில் நின்ற தோழன் விழுந்த கோபம் போதும். ஒன்றும் ஆகாது என்று நம்பும் இளமை போதும். இரண்டாம் முறை போகிறவனுக்கு இந்தச் சலுகைகள் இல்லை. குண்டு உடம்பில் பாய்ந்தால் எப்படியிருக்கும் என்று அவன் உடம்புக்கே தெரியும். தெரிந்தும் போகிறான். இரண்டாவது பதக்கத்தை முதலாவதைவிடப் பெரியதாக நான் மதிப்பது இதனால்தான். இத்தனைக்கும் இரண்டாம் முறை இன்னொரு சிலுவை தரமாட்டார்கள். நாடாவில் ஒரு பட்டையைச் சேர்ப்பதோடு சரி.

ஆர்தர் மார்ட்டின் லீக் என்ற மருத்துவரைப் பாருங்கள். 1902 பிப்ரவரி 8. தென்னாப்பிரிக்காவில் போயர் போர்; பிரிட்டிஷாருக்கும் அங்கே குடியேறிய டச்சு வழியினரான போயர்களுக்கும் நடந்த சண்டை. நூறு கெஜம் தள்ளி நாற்பது துப்பாக்கிகள் சுட்டுக்கொண்டிருக்கும்போது அடிபட்ட ஒருவனுக்குக் கட்டுப் போடுகிறார். பிறகு காயம்பட்ட ஓர் அதிகாரியிடம் போய், அவரை வசதியாகப் படுக்க வைக்க முயலும்போது மூன்று குண்டுகள் பாய்கின்றன. அந்த இடத்தில் இருந்த எட்டுப் பேரும் காயத்தோடு புல்வெளியில் கிடக்கிறார்கள். தண்ணீர் வருகிறது. மற்றவர்கள் எல்லோரும் குடித்து முடிக்கும் வரை அவர் வாயில் ஒரு சொட்டுப் படவில்லை. நிறைய இரத்தம் போனவனுக்கு எப்படித் தாகம் எடுக்கும் என்பது அந்த மருத்துவருக்குத் தெரியாததா?

அதன்பின் அவர் இந்தியாவுக்கு வந்து, வங்காள நாக்பூர் ரயில்வேயில் மருத்துவ அதிகாரியாக இருந்தார். கௌரவமான வேலை. 1914-இல் உலகப் போர் மூண்டபோது வயது நாற்பது. இங்கிலாந்துக்குப் போனால் வயதைச் சொல்லித் தட்டிக்கழித்துவிடுவார்கள் என்று நினைத்து, நேராகப் பாரிஸுக்குப் போய் அங்கே பெயரைப் பதிவு செய்துகொண்டார். சில மாதங்களுக்குள் பெல்ஜியத்தில், எதிரியின் பதுங்குகுழிகளுக்கு அருகே கிடந்தவர்களை நாள்கணக்கில் மீட்டதற்காக இரண்டாம் முறை விருது. இரண்டு முறை பெற்ற முதல் ஆள் அவர்தான்.

அடுத்தவர் நோயல் ஷவாஸ். லிவர்பூல் பேராயரின் மகன். 1908 லண்டன் ஒலிம்பிக்கில் 400 மீட்டர் ஓடியவர். லிவர்பூல் ஸ்காட்டிஷ் படைப்பிரிவின் மருத்துவர். 1916 ஆகஸ்டில், பிரான்ஸில் கியமோன் என்ற ஊரின் முன்னால் அவருடைய பிரிவு தாக்குதலில் இறங்கி, குவியலாக விழுந்தது. பகல் முழுவதும் திறந்த வெளியில் சிகிச்சை. இரவில் நான்கு மணி நேரம் எதிரியின் வரிசைக்கு முன்னாலேயே காயம்பட்டவர்களைத் தேடினார். மறுநாள், உடனே தூக்கவேண்டிய ஒருவனை ஸ்ட்ரெச்சர்க்காரர் ஒருவரோடு 500 கெஜம் சுமந்தார். வழியில் குண்டுச் சிதறல் விலாவில் பட்டது. அன்றிரவே இருபது தொண்டர்களைக் கூட்டிக்கொண்டு மறுபடியும் கிளம்பினார். எதிரியின் பதுங்குகுழியிலிருந்து 25 கெஜத்தில் ஒரு குண்டுப் பள்ளம். அதிலிருந்து மூன்று பேரைத் தூக்கிவந்தார்கள். இரண்டு அதிகாரிகளின் உடல்களைப் புதைத்தார்கள். இறந்தவர்கள் அணிந்திருந்த, பெயர் பொறித்த அடையாள வில்லைகளைச் சேகரித்தார்கள். அந்த வில்லை வந்து சேராத வீட்டில், மகன் செத்தானா பிழைத்தானா என்று தெரியாமலே ஒரு தாயின் காலம் போய்விடும். உயிரோடு இருப்பவனுக்காகத் துணிவது ஒரு வகை. வில்லைக்காகவும் ஒருவர் அங்கே குனிந்தார் பாருங்கள், அது வேறு வகை.

ஓராண்டு கழித்து, 1917 ஜூலை 31, பெல்ஜியம். காயம்பட்டவனைச் சுமந்து வரும்போது ஷவாஸுக்கே பலத்த அடி. இடத்தை விட்டு அவர் நகரவில்லை. சோறு தண்ணீர் சரியாக இல்லாமல் இரண்டு நாள் வேலை செய்தார். இரவுகளில் வெளியே போய்த் தேடினார். கடைசியில் மீண்டும் அடிபட்டவரை ஏற்றிவந்தது 46-ஆவது கள ஆம்புலன்ஸ் பிரிவு. அதன் தலைமை அதிகாரி யார் தெரியுமா? ஆர்தர் மார்ட்டின் லீக். அன்றைக்கு உலகத்தில் அந்தச் சிலுவையை இருமுறை பெற்றிருந்த ஒரே மனிதர். ஆகஸ்ட் 4-ஆம் தேதி ஷவாஸ் இறந்தார். இரண்டாவது விருது இறந்த பிறகே அறிவிக்கப்பட்டது.

அமெரிக்காவில் கணக்கு வேறு. அவர்களுடைய மிக உயர்ந்த போர் விருதான கௌரவப் பதக்கத்தை இரண்டு முறை பெற்றவர்கள் 19 பேர். உடனே வாயைப் பிளக்க வேண்டாம். அவர்களில் ஐந்து பேர் ஒரே செயலுக்குத் தரைப்படைப் பதக்கம் ஒன்று, கடற்படைப் பதக்கம் ஒன்று என்று வாங்கியவர்கள். 1914-இல் மெக்சிகோவின் வெராக்ரூஸ் துறைமுகத்தைப் பிடித்தபோது பதக்கத்தை வாரி இறைத்தார்கள். அதில் ஒன்று கிடைத்த அமெரிக்கப் படை அதிகாரி ஸ்மெட்லி பட்லர், இதற்குத் தகுதியாக நான் எதுவும் செய்யவில்லை என்று திருப்பிக் கொடுக்கப் பார்த்தார். வைத்துக்கொள், அணிந்தும் கொள் என்று உத்தரவு வந்தது! அடுத்த ஆண்டே ஹைட்டியில் இன்னொன்று.

நம் நாட்டின் மிக உயர்ந்த போர் விருதான பரம வீர சக்கரத்தை இதுவரை 21 பேர் பெற்றிருக்கிறார்கள். 14 பேருக்கு இறந்த பிறகு. இரண்டாம் முறைக்கு விதியில் இடமுண்டு, ஆள்தான் பெரும்பாலும் மிஞ்சுவதில்லை. அதற்கு அடுத்த மகா வீர சக்கரத்தை இருமுறை பெற்றவர்கள் உண்டு. விமானப்படையின் ஜக் மோகன் நாத் அவர்களில் ஒருவர். 1962-இலும் 1965-இலும் ஆயுதமில்லாத கான்பெரா விமானத்தில் எதிரியின் வானத்துக்குள் புகுந்து படம் எடுத்து வந்தவர்.

விக்டோரியா சிலுவையை இருமுறை பெற்ற மூன்றாமவரான சார்ல்ஸ் அப்ஹம் இந்த மருத்துவர்களின் வரிசையில் அடங்காதவர். நியூசிலாந்துக்காரர். கொன்றவர், நிறையக் கொன்றவர். 1941-இல் கிரீட் தீவில் வயிற்றுக்கடுப்போடும் காயங்களோடும் எறிகுண்டை எடுத்துக்கொண்டு இயந்திரத் துப்பாக்கிக் கூடுகளை நோக்கி நடந்தார். மறு ஆண்டு எகிப்தில் முழங்கை நொறுங்கிய பிறகும் படையை நடத்தினார். அவருடைய படைக்குழுவில் ஆறு பேர் மிஞ்சியபோது பிடிபட்டார். சிறையிலும் சும்மா இருக்கவில்லை. பட்டப்பகலில் முள்வேலி ஏறி, நடுவில் சிக்கிக்கொண்டு, காவலன் துப்பாக்கியை நீட்டியதும் ஒரு சிகரெட்டைப் பற்றவைத்தார். இரண்டாவது விருதுக்கான பரிந்துரை வந்ததும் ஆறாம் ஜார்ஜ் மன்னருக்கே தயக்கம். இவர் தகுதியானவர்தானா என்று நியூசிலாந்துத் தளபதி கிப்பன்பெர்கரிடம் கேட்டார். இதை அவர் பல முறை சம்பாதித்துவிட்டார் என்று பதில் வந்தது.

போர் முடிந்து ஊர் திரும்பியவருக்குப் பண்ணை வாங்கித் தர நியூசிலாந்தின் கேன்டர்பரி மக்கள் பத்தாயிரம் பவுண்டு திரட்டினார்கள். அப்ஹம் அதைத் தொடவில்லை. போருக்குப் போனவர்களின் பிள்ளைகள் படிக்க உதவித்தொகையாக அதை மாற்றச் சொன்னார். பிறகு, திரும்பி வந்த எந்தச் சிப்பாயும் வாங்கக்கூடிய மறுவாழ்வுக் கடனை வாங்கி நிலம் பிடித்து ஆடு மாடு வளர்த்தார்.