ஆறுமணிக்குருவியைத் தேடினால் மரத்தைப் பார்க்காதீர்கள், தரையைப் பாருங்கள்

வணக்கம் நண்பர்களே. இன்றைக்குக் குரலைத் தாழ்த்தித்தான் பேசப் போகிறேன், வால்யூமைக் கொஞ்சம் கூட்டி வைத்துக்கொள்ளுங்கள். நான் நிற்பது ராயபுரத்துக்கும் தண்டையார்பேட்டைக்கும் நடுவில் இருக்கிற ஒரு பழைய குடியிருப்பு வளாகம். பெயரைச் சொல்ல மாட்டேன், காரணம் பிறகு வரும். நேரம் மாலை ஐந்தரை தாண்டிவிட்டது. பின்னால் சரக்கு ரயில் போகிற சத்தம் கேட்டால் பொறுத்துக்கொள்ளுங்கள், வடசென்னையில் அது இல்லாமல் வீடியோ எடுக்க முடியாது.

கொருக்குப்பேட்டையிலிருந்து ஒரு நேயர் படம் அனுப்பியிருந்தார். மூன்றாவது மாடி பால்கனியில், துணி காயப்போடும் கொடிக்குக் கீழே ஒரு பறவை உட்கார்ந்திருக்கிறது. முதுகு பச்சை, வயிறு சந்தன நிறம், வாலடியில் நல்ல சிவப்பு. "யார் வீட்டிலிருந்தோ தப்பி வந்த வெளிநாட்டுப் பறவையா? கூண்டு வாங்கட்டுமா?" என்று கேட்டிருந்தார். வெளிநாடும் இல்லை, வளர்ப்பும் இல்லை. அதுதான் ஆறுமணிக்குருவி. தோட்டக்கள்ளன் என்றும் சொல்வார்கள். ஆங்கிலத்தில் இந்தியன் பிட்டா. அக்டோபரில் நம் ஊரில் மொட்டை மாடியிலோ கார் ஷெட்டிலோ பள்ளிக்கூட வராண்டாவிலோ இது சோர்ந்து கிடப்பது ஒவ்வொரு வருடமும் நடக்கிற விஷயம்.

எப்படி அடையாளம் காண்பது? நிறத்தை வைத்துத் தொடங்காதீர்கள். நிழலில் நிறம் ஏமாற்றும். முதலில் உருவத்தைப் பாருங்கள். சுமார் 19 சென்டிமீட்டர், எடை 50, 60 கிராம் அளவில்தான். மைனாவை விடச் சிறியது, ஆனால் உருண்டு திரண்ட உடம்பு. வால் இருக்க வேண்டிய இடத்தில் கத்தரித்துவிட்ட மாதிரி ஒரு துண்டுதான் இருக்கும். கால் நீளம், அலகு தடிமன். நிமிர்ந்து நிற்கும். நடக்காது, தத்தித் தத்தித்தான் போகும். அந்தக் குட்டை வாலை மட்டும் மெதுவாக மேலும் கீழும் ஆட்டிக்கொண்டே இருக்கும்.

அப்புறம் முகம். கண் வழியாகப் பின்கழுத்து வரைக்கும் தடித்த கறுப்புப் பட்டை. அதற்கு மேலே மெல்லிய வெள்ளைப் புருவம். உச்சந்தலை மங்கிய மஞ்சள் கலந்த பழுப்பு, அதன் நடுவில் இன்னொரு கறுப்புக் கோடு. தொண்டை வெள்ளை. இந்த முகம் நம் ஊரில் வேறு எதற்கும் கிடையாது. இறக்கையில் தோள் பக்கம் பளிச்சென்று ஒரு நீலத் திட்டு, அதே நீலம் வாலுக்கு மேலேயும் உண்டு. பறக்கும்போது இறக்கை நுனியில் வெள்ளைப் புள்ளி தெரியும். ஆணும் பெண்ணும் ஒரே மாதிரி, அதில் குழம்ப வேண்டாம்.

நீலம் தெரிந்தாலே பிட்டா என்று படம் அனுப்புகிறார்கள். கரண்ட் கம்பியில் உட்கார்ந்திருந்தால் அது வெண்மார்பு மீன்கொத்தி, இல்லையென்றால் பனங்காடை. ஒல்லியாக, பச்சையாக, கம்பியிலிருந்து பாய்ந்து பூச்சி பிடித்துவிட்டுத் திரும்பினால் பஞ்சுருட்டான். மர உச்சியில் மஞ்சளாக இருந்தால் மாங்குயில். உண்மையிலேயே குழப்பக்கூடியது செந்தலைப் பூங்குருவி ஒன்றுதான். அதுவும் நிழலில் சருகைக் கிளறும். ஆனால் அதற்குத் தலையும் வயிறும் ஆரஞ்சு, முதுகு சாம்பல் நீலம், வாலும் ஒழுங்காக இருக்கும்.

சரி, இப்போது கேமராவைக் கீழே இறக்குகிறேன். இதுதான் நான் காட்ட வந்தது. பார்த்தால் குப்பை மாதிரி தெரியும். மதில் ஓரமாக ஒரு மகிழமரம், பக்கத்தில் புங்கம், அந்தப் பக்கம் வாதாம் மரம். மூன்றும் சேர்ந்து இந்த மூலையை இருட்டாக்கி வைத்திருக்கின்றன. கீழே சருகு. மேலே காய்ந்து மொறுமொறுப்பாக இருக்கிறது, கையை விட்டால்... இதோ பாருங்கள், உள்ளே ஈரம். நேற்றைய மழை இன்னும் நிற்கிறது. மண்புழு, வண்டுப் புழு, மரவட்டை, கரையான். ஒரு பிடியில் இவ்வளவு. ஆறுமணிக்குருவி இலையை அலகால் புரட்டிப் புரட்டி இதைத்தான் தின்னும். வாதாம் இலை பெரிய இலை என்பதால் பறவை தெரிவதற்கு முன்னாலேயே இலை புரளும் சத்தம் கேட்டுவிடும். நான் இங்கே கண்ணை விடக் காதைத்தான் நம்புகிறேன்.

காட்டுப் பறவைக்கு வடசென்னையில் என்ன வேலை என்று கேட்பார்கள். இந்தப் பக்கம் பைனாகுலர் வைத்திருக்கிற எல்லோரும் தண்ணீரைத்தான் பார்க்கிறோம். எண்ணூர் கழிமுகம், பழவேற்காட்டுப் பூநாரை, மாதவரம் ஏரி. காடு வேண்டுமென்றால் கிண்டிக்குப் போ என்பார்கள். கிண்டி தேசியப் பூங்கா அருமையான இடம்தான், மறுக்கவில்லை. ஆனால் இந்தக் கடற்கரை முழுக்க ஒரு காலத்தில் இருந்தது உலர் பசுமைமாறாக் காடு. வீரை, உலக்கைப் பாலை, காயா மாதிரி உயரமில்லாத, அடர்ந்த மரங்கள். அதில் நல்ல துண்டு ஒன்று பழவேற்காடு ஏரிக்கு அந்தப் பக்கம் ஸ்ரீஹரிகோட்டாத் தீவில் இன்னும் இருக்கிறது. ராக்கெட் தளத்துக்காக வேலி போட்டதால் தப்பித்தது என்று சொல்லலாம். வடக்கிலிருந்து வருகிற பறவைக்கு அந்தக் காட்டுக்கும் கிண்டிக்கும் நடுவில் நாம்தான் இருக்கிறோம். வளாகம், கல்லறைத் தோட்டம், கோயில் நந்தவனம், ரயில்வே நிலம். திருவொற்றியூர்க் கோயிலின் தலமரமே மகிழமரம்தான். சங்கிலியாரைப் பிரிய மாட்டேன் என்று சுந்தரர் சத்தியம் செய்தது அந்த மகிழமரத்தடியில்தான் என்பது கதை.

எங்கிருந்து வருகிறது? இமயமலை அடிவாரம், மத்திய இந்தியக் குன்றுகள், குஜராத்தின் கிர் காடு, மேற்குத் தொடர்ச்சி மலையின் சில பகுதிகள். தென்மேற்குப் பருவமழையோடு சேர்த்து அங்கே கூடு கட்டும். காய்ந்த இலையும் புல்லும் வைத்துப் பந்து வடிவில் ஒரு கூடு, பக்கவாட்டில் வாசல். நான்கைந்து வெள்ளை முட்டை. அங்கே மழை ஓய்ந்ததும் தெற்கே கிளம்பித் தமிழ்நாடு, கேரளா, இலங்கை வரை போகும். நம் வடகிழக்குப் பருவமழை தொடங்குகிற நேரத்துக்கு இங்கே வந்து சேர்கிறது. அதாவது ஈரச் சருகைத் துரத்திக்கொண்டே நாடு முழுக்கப் பயணம் செய்கிறது. திரும்பிப் போகும்போது மார்ச், ஏப்ரலில் மறுபடி பார்க்கலாம்.

பயணம் இரவில்தான் நடக்கும், அதனால்தான் பால்கனிக் கதைகள். துறைமுகத்து விளக்கு, ஆலை விளக்கு, புதிய அடுக்குமாடிகளின் கண்ணாடி எல்லாமே இரவில் பறக்கிற பறவையைத் திசை மாற்றும். கொருக்குப்பேட்டை நேயருக்குச் சொன்னதை உங்களுக்கும் சொல்கிறேன். கூண்டு வேண்டவே வேண்டாம். 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின்படி இதைப் பிடித்து வைப்பதே குற்றம். ஒரு ஷூ டப்பாவில் காற்றோட்டத்துக்கு ஓட்டை போட்டு, அடியில் துணி விரித்து, உள்ளே விட்டு மூடி, இருட்டாக, சத்தமில்லாத இடத்தில் வையுங்கள். வாயைப் பிளந்து தண்ணீர் ஊற்றாதீர்கள், மூச்சுக்குழாயில் போய்விடும். சோறு, பிஸ்கட் எதுவும் கூடாது. பெரும்பாலும் சில மணி நேரத்தில் தெளிந்துவிடும். காக்காயும் பூனையும் இல்லாத புதர்ப் பக்கமாகத் திறந்து விடுங்கள். இறக்கை தொங்கினாலோ ரத்தம் தெரிந்தாலோ வனத்துறைக்கோ ப்ளூ கிராஸுக்கோ போன் செய்யுங்கள். அவர் அப்படித்தான் செய்தார், சாயங்காலமே பறந்துவிட்டது.

ஒரு நிமிடம். கேட்டதா? ரயில் இல்லை, அதற்கு முன்னால். இரண்டு ஸ்வரம், முதலாவது ஏறும், அடுத்தது சரியும். வீட்... ட்யூ. தலையைப் பின்னால் சாய்த்துக் கத்தும். விடியலிலும் அந்தியிலும்தான் அதிகம். குளிர்காலத்தில் இங்கே இருக்கும்போது சில தடவை கூப்பிட்டுவிட்டு நிறுத்திவிடும், மணிக்கணக்கில் பாடாது. பாட்டுப் பறவை என்று இதைச் சொல்வதிலும் ஒரு சங்கதி உண்டு. மைனா, கரிச்சான் எல்லாம் குரலைக் கேட்டுக் கற்கிற கிளையைச் சேர்ந்தவை. பிட்டா குடும்பம் அந்தக் கிளையில் இல்லை. இந்த இரண்டு ஸ்வரமும் பெரும்பாலும் பிறவியிலேயே வருவதாகத்தான் கருதுகிறார்கள். எனக்கென்னவோ, அளந்து கத்துவதால்தான் இதன் குரல் தனியாகக் காதில் விழுகிறது.

இந்த வளாகத்தைக் கூட்டுகிற அக்கா ஒருவர் இருக்கிறார். இந்த மூலையை மட்டும் கூட்டாமல் விட முடியுமா என்று அவரிடம் கேட்டேன். "நான் விட்டுடுவேன் தம்பி, மேல இருக்கிறவங்க சும்மா இருப்பாங்களா? குப்பைன்னு போட்டோ எடுத்து குரூப்ல போடுவாங்க. பாம்பு வரும்னு வேற சொல்றாங்க" என்றார். பாம்பு பயம் நியாயமானதுதான், அதைக் கிண்டல் செய்ய மாட்டேன். அதனால் செயலாளரிடம் பேசினேன். நடைபாதை, படிக்கட்டு, பிள்ளைகள் விளையாடும் இடம் எல்லாவற்றையும் சுத்தமாகக் கூட்டட்டும். மதிலோரம் யாரும் போகாத இந்தப் பட்டையில் மட்டும் இலை கிடக்கட்டும், பிளாஸ்டிக்கைப் பொறுக்கிவிடலாம். முக்கியமாக, கொளுத்தக் கூடாது. மார்ச் வரைக்கும் பார்க்கலாம் என்று ஒத்துக்கொண்டிருக்கிறார். செடி நடும் விழாவுக்குப் பேனர் கட்டி வருகிறவர்கள், சருகில்லாமல் கூட்டிய தரையில் ஒரு பறவையாவது இரை எடுப்பதைப் பார்த்திருக்கிறார்களா என்று எனக்குச் சந்தேகம்.

அதோ, மகிழமரத்து வேருக்கு இடது பக்கம். ஜூம் செய்கிறேன், படம் புள்ளி புள்ளியாகத்தான் வரும், வெளிச்சம் அவ்வளவுதான். கறுப்புப் பட்டை தெரிகிறதா? வாலாட்டுகிறது. நிமிர்ந்து நம்மைப் பார்த்துவிட்டது. இனி மேலே தாழ்ந்த கிளைக்குப் போய் அசையாமல் உட்காரும். நான் கிட்டே போக மாட்டேன்.

இடத்தைச் சொல்லாததற்குக் காரணம் இதுதான். சொன்னால் நாளைக்கே பெரிய லென்ஸோடு ஒரு கூட்டம் வரும், சருகை மிதிக்கும், போனில் குரலைப் போட்டு வரவழைக்கும். அந்தக் குரலைப் போடுகிற வேலையைத் தயவுசெய்து செய்யாதீர்கள். இன்னொரு பறவை தன் இடத்துக்கு வந்துவிட்டது என்று நினைத்து, இரை தேட வேண்டிய நேரத்தை அதைத் துரத்துவதில் செலவழிக்கும். இராத்திரியெல்லாம் பறந்து வந்த பறவைக்கு அது தேவையில்லாத வேலை.

உங்கள் பக்கத்தில் தேட வேண்டுமென்றால் மழை விட்ட மறுநாள் விடியற்காலையில் போங்கள். நிழலும் சருகும் சேர்ந்திருக்கிற மூலையைப் பிடித்து, பத்தடி தள்ளி, மதிலில் சாய்ந்து நில்லுங்கள். பார்த்தால் தேதியையும் நேரத்தையும் எழுதி, பறவைப் பதிவுகளுக்கான இ-பேர்ட் இணையதளத்தில் பதிவிடுங்கள். படம் கிடைக்காவிட்டால் குரலைப் பதிவு செய்தாலும் போதும். வியாசர்பாடி, பெரம்பூர், மணலிப் பக்கத்தில் யாராவது கேட்டிருந்தால் ஆடியோவை எனக்கு அனுப்புங்கள், அடுத்த வீடியோவில் போட்டுக் கேட்கலாம்.