தரங்கம்பாடிக்கு மிஷன் டாக்டர்கள் எதற்கு வந்தார்கள்?

அடுத்த கேள்வி மன்னார்குடியிலிருந்து ஒரு நேயர் கேட்டது. "தரங்கம்பாடியில்தான் முதல் மிஷன் ஆஸ்பத்திரி வந்தது என்கிறார்களே, உண்மையா? அவ்வளவு சின்ன ஊருக்கு ஐரோப்பாவிலிருந்து டாக்டர் ஏன் வரவேண்டும்?"

ஆஸ்பத்திரி என்றதும் வார்டு, கட்டில், ஓ.பி. சீட்டு என்று நினைத்துக்கொண்டு போனால் கதை பிடிபடாது. மிஷன் முதலில் வரவழைத்தது டாக்டரைத்தான். அதுவும் ஊராரை உத்தேசித்து அல்ல, தன் ஆட்கள் சாகாமல் இருக்கவேண்டும் என்று.

1620-ல் தஞ்சை ரகுநாத நாயக்கரிடம் அனுமதி வாங்கி டேனிஷ்காரர்கள் கோட்டை கட்டினார்கள். பிறகு அவர்கள் நாடே இந்த ஊரை மறந்துவிட்டது. 1669-ல் ஒரு கப்பல் வந்து சேரும்வரை, கால் நூற்றாண்டுக்கும் மேலாக டென்மார்க்கிலிருந்து யாரும் எட்டிப் பார்க்கவில்லை. ஒதுக்குப்புறம் என்றால் அப்படி ஒரு ஒதுக்குப்புறம். 1706-ல் இந்த மிஷனைத் தொடங்கிய ஜெர்மன் பாதிரியார் சீகன்பால்கு வந்து இறங்கினார். 1719-ல் இறந்தபோது அவருக்கு வயது 36. உடனிருந்த பாதிரியார் கிருண்ட்லரும் மறு வருடமே போய்விட்டார். சரி, ஒரு டாக்டரை அனுப்புவோம் என்று 1730-ல் ஸ்லேகெல்மில்ஹ் என்பவரை அனுப்பினார்கள். அந்த டாக்டரே வந்த சில வாரங்களில் இறந்துபோனார்! 1732-ல் வந்த க்னோல்தான் 1767-ல் தான் இறக்கும்வரை இங்கே வைத்தியம் பார்த்தார்.

மருந்து ஜெர்மனியின் ஹாலே நகரிலிருந்து வந்தது. அங்கே ஒரு அனாதை இல்லம், அதோடு சேர்ந்த மருந்துச்சாலை. மருந்து விற்ற காசும் அந்த இல்லத்துக்கு ஒரு வருமானம். அவர்களுடைய பேர்பெற்ற சரக்கு, தங்கம் சேர்ந்தது என்று சொல்லி விற்ற ஒரு துளிமருந்து. தங்க பஸ்பம் சாப்பிட்ட ஊருக்கே தங்க மருந்து கப்பலேறி வந்திருக்கிறது பாருங்கள், எனக்குச் சிரிப்புதான் வருகிறது.

ஆனால் இதில் எனக்குப் பெரிதாகப் படுவது வேறு. சரக்கு இங்கிருந்தும் போனது. கிருண்ட்லர் பக்கத்துப் பொறையாரில் கொஞ்சகாலம் தங்கி, நம் வாகடச் சுவடிகளை, அதாவது வைத்திய ஓலைச்சுவடிகளை வைத்துக்கொண்டு 1711-ல் தமிழ் மருத்துவம் பற்றி ஜெர்மன் மொழியில் ஒரு நூல் எழுதி ஹாலேக்கு அனுப்பினார். வாதம், பித்தம், சிலேத்துமம் எல்லாம் அப்போதே அங்கே போய்ச் சேர்ந்துவிட்டன. முதல் டாக்டர் வருவதற்குப் பத்தொன்பது வருடம் முன்னால் என்பதைக் கவனியுங்கள்.

அப்புறம் 1768-ல் கேனிக் வந்தார். ஸ்வீடன் நாட்டுத் தாவரவியலாளர் லின்னேயஸிடம் படித்தவர். மருத்துவராக வந்த மனிதர் செடிகொடி தேடுவதில் இறங்கிவிட்டார். மிஷன் சம்பளம் அதற்குப் போதவில்லை, 1774-ல் ஆற்காட்டு நவாபிடம் வேலைக்குப் போனார். பிறகு கிழக்கிந்தியக் கம்பெனி. நம் கறிவேப்பிலையின் தாவரவியல் பெயரில் 'கேனிகி' என்று வருவது இவரை வைத்துத்தான்.

வார்டும் கட்டிலுமாக நமக்குத் தெரிந்த மிஷன் ஆஸ்பத்திரிகள் பத்தொன்பதாம் நூற்றாண்டில்தான் வருகின்றன. கடலுக்கு அந்தப் பக்கம் யாழ்ப்பாணம் மானிப்பாயில் அமெரிக்க மிஷன் டாக்டர் சாமுவேல் கிரீன் ஆஸ்பத்திரி நடத்தி, ஆங்கில வைத்தியத்தைத் தமிழிலேயே கற்றுக்கொடுத்தார். அதைப் பற்றித் தனியாகவே பேசவேண்டும்.

தரங்கம்பாடி ஏன் பெரிய மருத்துவ ஊராக வளரவில்லை என்றால், ஊரே வளரவில்லை. 1845-ல் டேனிஷ்காரர்கள் ஆங்கிலேயருக்கு விற்றுவிட்டார்கள். 1861-ல் நாகப்பட்டினத்துக்கு ரயில் வந்தது, வியாபாரம் அந்தப் பக்கம் சாய்ந்தது. தரங்கம்பாடிக்கு ரயில் வர 1926 ஆனது. மாயவரத்திலிருந்து (இன்றைய மயிலாடுதுறை) வந்த அந்த லைனையும் 1986-ல் நிறுத்திவிட்டார்கள்.