ஆற அமரப் போகிறவருக்கே அகப்படும்

நடுவர் அவர்களே, அவையோரே, வணக்கம். கெடாத மலையையும் கடலையும் அனுபவிக்க நல்ல வழி எது? பல இடங்களைச் சுற்றிப் பார்ப்பதா, ஓரிடத்தில் நிதானமாகத் திரிவதா? இதுதான் தலைப்பு. நான் நிதானக் கட்சி. எனவே எனக்குக் கொடுத்த நேரம் போதாது என்று முதலிலேயே சொல்லிவைக்கிறேன்.

எதிரணி நண்பர் பத்து நாளில் எட்டு நாடு என்று ஒரு பட்டியல் வாசித்தார். கேட்டுக்கொண்டிருந்த எனக்கே மூச்சு வாங்கியது. என் பட்டியலில் ஒரே ஒரு மலைதான். குரோவேஷியாவின் வெலெபிட். அட்ரியாட்டிக் கடலை ஒட்டி 145 கிலோமீட்டர் நீளம். கரையோரச் சாலையில் காரில் போனால் ஒரு பிற்பகலில் 'பார்த்துவிடலாம்'. ஒரு பக்கம் மொட்டைப் பாறை, மறுபக்கம் நீலக் கடல், அவ்வளவுதான்.

மேலே ஏறுங்கள். அங்கே 57 கிலோமீட்டருக்கு ஒரு நடைபாதை இருக்கிறது. ஆன்டே பிரெமூஷிச் என்ற வனப் பொறியாளர் 1930 முதல் 1933 வரை போட்டது. சிமென்ட் கிடையாது, கல்லோடு கல்லை அடுக்கியே கட்டிவிட்டார்கள். கரடுமுரடான பாறைகளுக்கு நடுவே போனாலும் பெரிய ஏற்ற இறக்கம் இல்லை. ஆனால் தண்ணீரைச் சுமந்துகொண்டுதான் நடக்க வேண்டும். மலையில் பெரும்பகுதி சுண்ணாம்புக்கல். எவ்வளவு மழை பெய்தாலும் உள்ளே இறங்கிவிடும், மேலே ஓடையாக ஓடாது.

அந்தத் தண்ணீர் எங்கே போகிறது? மலையடிவாரத்தில், கடலுக்கு அடியில், ஊற்றாக வெளியே வருகிறது. வ்ரூல்யா என்கிறார்கள். காற்றில்லாத நாளில் கடல்மேல் வட்டம் வட்டமாகத் தெரியும். வெதுவெதுப்பான கடலில் நீந்திக்கொண்டிருப்பீர்கள், திடீரென்று ஒரு முழம் இடத்தில் உடம்பு சில்லிட்டுப் போகும். மேலே தேடித் தேடிக் கிடைக்காத தண்ணீர் இங்கே வந்து காலைக் கவ்வுகிறது! மலையில் நடந்துவிட்டுக் கடலில் இறங்கியவருக்குத்தான் இது புரியும். கார் ஜன்னலுக்கு எப்படித் தெரியும்?

சரி, இப்போது நண்பர் முகம் சுளித்த விஷயத்துக்கு வருகிறேன். ஆடையில்லாமல் குளிப்பது. 'வெட்கக்கேடு' என்றார். அதே கரையோரம் இருக்கும் ராப் தீவில், கந்தரோலா கடற்கரையில், 1936-ல் பிரிட்டன் மன்னர் எட்டாம் எட்வர்டு அப்படிக் குளித்தார் என்று இன்றும் பெருமையாகச் சொல்கிறார்கள். 1961-ல் அதே நாட்டின் வ்ர்சார் ஊரருகே கோவர்சாடா என்ற முழு விடுதி வளாகமே இதற்கென்று திறந்தார்கள். யாரையும் கட்டாயப்படுத்துவதில்லை. தனியாகப் பலகை வைத்த இடம்தான். உட்காரும் இடத்தில் துண்டு விரிக்க வேண்டும், உற்றுப் பார்க்கக் கூடாது, அனுமதியின்றிப் படம் எடுக்கக் கூடாது. செல்போன் வைக்கப் பாக்கெட்டும் கிடையாது! படம் பிடிக்கிற அவசரம் போய்விட்டால் அங்கே செய்வதற்கு என்ன இருக்கிறது? குளிப்பது, காய்வது, மறுபடி குளிப்பது.

நீச்சலுடை போட்டாலும் ஊற்றின் குளிர் தெரியுமே என்று கேட்பீர்கள். தெரியும், ஒப்புக்கொள்கிறேன். விருப்பமில்லாதவர் போட்டுக்கொள்ளட்டும். ஆனால் விரும்புகிறவரை வெட்கம் கெட்டவர் என்று சொல்ல நமக்கு என்ன உரிமை?

அப்புறம், 'கெடாத' இடம். மத்தியதரைக் கடலோரங்களில் பழுப்பு இலைகள் குவிந்து கிடக்கும். பொசிடோனியா என்ற கடற்புல்லின் சருகு. அவசரக்காரர் குப்பை என்று முகம் சுளிப்பார், விடுதிக்காரர் வாரிக் கொட்டுவார். அலை மணலை அரித்துப் போகாமல் காப்பதே அந்தக் குவியல்தான். அந்தப் புல்லோ ஆண்டுக்குச் சில சென்டிமீட்டர்தான் படரும். ஒரு நங்கூரம் பிடுங்கியதை மீட்கப் பல ஆண்டு ஆகும். அலை வந்து வந்து போவதைப் பார்க்க நாலு நாள் அங்கே உட்கார்ந்தவருக்கு இதெல்லாம் யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

விடுமுறையே ஒரு வாரம்தான் என்று புலம்பினார் நண்பர். ஐயா, அதனால்தான் சொல்கிறேன்! வெலெபிட்டிலிருந்து 'பூரா' என்ற காற்று இறங்கினால் படகுகள் நின்றுவிடும். உங்கள் பட்டியலில் அன்று இரண்டு ஊர் காலி, ஒரு விமானமும் போச்சு. நான் போர்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு இன்னொரு தூக்கம் போடுவேன். நடுவர் அவர்களே, தீர்ப்பு எழுதும்போது அந்தத் தூக்கத்தையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள். நன்றி, வணக்கம்.